‘கேஸை முடிச்சாச்சு’ என்று ஸ்டேஷனில் சொன்ன பிறகு

காவலர் ஒருவர் வீட்டு வாசலில் நின்று ஒற்றைத் தாளை நீட்டி, “இதுல ஒரு கையெழுத்துப் போடுங்க” என்பார். தாளில் குற்ற எண் இருக்கும். ‘பொருண்மைப் பிழை’ (புகாரில் சொன்ன உண்மையே தவறு) என்றோ, ‘சிவில் தன்மை உடையது, மேல் நடவடிக்கை கைவிடப்பட்டது’ என்றோ ஒரு வரி இருக்கும். தமிழ்நாட்டு நீதிமன்ற வளாகங்களில் இதை ஆர்.சி.எஸ். நோட்டீஸ் (‘ரெஃபர்டு சார்ஜ் ஷீட்’, அதாவது வழக்கை முடித்துவைக்கும் அறிக்கை பற்றிய அறிவிப்பு) என்பார்கள். புகார் கொடுத்தவர்களில் பலர் அதோடு எல்லாம் முடிந்தது என்று கையெழுத்திட்டுவிட்டு உள்ளே போய்விடுகிறார்கள். சட்டத்தில் அந்தத் தாளுக்கு இருக்கும் வேலை வேறு. போலீஸ் தன் முடிவை நீதிமன்றத்துக்கு அனுப்புகிறது, உங்களுக்கு ஆட்சேபணை இருந்தால் அங்கே வந்து சொல்லுங்கள் என்று அது அழைக்கிறது. புகார்தாரருக்கு அறிவிப்புக் கொடுத்து அவர் பேச்சைக் கேட்காமல் அப்படிப்பட்ட அறிக்கையை நடுவர் (மாஜிஸ்திரேட்) ஏற்கக் கூடாது என்று 1985-இல் பகவந்த் சிங் வழக்கில் உச்ச நீதிமன்றம் சொன்னதிலிருந்துதான் இந்தத் தாளே வீடு தேடி வருகிறது.

எனவே கையெழுத்துப் போடலாம், போடும் விதம்தான் முக்கியம். அன்றைய தேதியை உங்கள் கையாலேயே எழுதுங்கள். அதற்குக் கீழே ‘நகல் பெற்றேன், ஆட்சேபணை உண்டு’ என்று எழுதிவிட்டு, காவலர் கிளம்பும் முன் தாளைப் போனில் படமெடுத்துக்கொள்ளுங்கள். தேதி போடாத கையெழுத்து, சில மாதங்களுக்கு முந்தைய தேதியோடு நீதிமன்றக் கோப்பில் உட்கார்ந்திருப்பதைப் பார்க்க நேரும்போது செய்வதற்கு அதிகம் இருக்காது. ‘எனக்கு மேல் நடவடிக்கை தேவையில்லை’ என்று ஒரு வரியைச் சேர்த்து எழுதி வாங்குவதும் உண்டு. அந்த வரி, போலீஸ் முடிவை ஏற்க வேண்டாம் என்று பிறகு நடுவரிடம் நீங்கள் போடப்போகும் எதிர்ப்பு மனுவை விசாரணைக்கு முன்பே பாதி கொன்றுவிடும்.

இன்னொரு வகை அறிக்கையும் இருக்கிறது: ‘கண்டுபிடிக்க இயலவில்லை’. திருடு போன பைக்குக்கு இன்சூரன்ஸ் வாங்க மக்களே இதைக் கேட்டு வாங்குகிறார்கள். இதில் குற்றம் நடக்கவில்லை என்று யாரும் சொல்லவில்லை, ஆள் கிடைக்கவில்லை, அவ்வளவுதான். பின்னால் வண்டியோ ஆளோ சிக்கினால் அதே குற்ற எண்ணில் விசாரணை தொடரும். இதற்கு எதிர்ப்பு மனு எழுதி நேரத்தை வீணாக்க வேண்டாம். புதிய தகவலை எழுதி, ஒப்புகை வாங்கிக்கொண்டு ஸ்டேஷனில் கொடுத்தால் போதும்.

முதலில், அறிக்கை உண்மையிலேயே நீதிமன்றத்துக்குப் போயிருக்கிறதா?

இதைப் பார்க்காமல் மனு எழுதுவதுதான் அடிக்கடி நடக்கும் தவறு. நோட்டீஸ் கொடுத்தாகிவிட்டது, கோப்பு மட்டும் ஸ்டேஷன் அலமாரியிலேயே கிடக்கிறது என்பது அபூர்வமல்ல. இ-கோர்ட்ஸ் தளத்தில் வழக்கு நிலை பகுதியில் முதல் தகவல் அறிக்கை எண்ணைக் கொண்டு தேடும் வசதி உண்டு. மாவட்டம், நீதிமன்ற வளாகம், காவல் நிலையம், எண், ஆண்டு இவற்றைக் கொடுத்தால் போதும். அங்கே ஒன்றும் வரவில்லை என்றால் அறிக்கை போகவில்லை என்று முடிவுகட்டிவிடாதீர்கள். தாக்கலாகி எண்ணிடப்படாமல் இருக்கலாம், திருத்தத்துக்காகத் திருப்பி அனுப்பப்பட்டிருக்கலாம். சம்பந்தப்பட்ட நடுவர் நீதிமன்ற எழுத்தரிடம் குற்ற எண்ணைச் சொல்லி நேரில் கேட்பதே உறுதியான வழி.

அறிக்கை போகவே இல்லை என்றால் வழக்கு இன்னும் புலன் விசாரணையில்தான் இருக்கிறது. ‘மேல்’ விசாரணை (விளக்கம் கீழே) கேட்க அங்கே இடமில்லை. விசாரணையை முறையாக நடத்தி முடிக்க நடுவரின் மேற்பார்வையைக் கேட்க வேண்டும். நடுவருக்கு அந்த அதிகாரம் உண்டு என்று 2007-இல் சகிரி வாசு வழக்கில் தீர்ப்பாகியிருக்கிறது. போயிருக்கிறது என்றால் நகல் மனு போட்டு இறுதி அறிக்கை, சாட்சிகளின் வாக்குமூலங்கள், ஆவணப் பட்டியல் மூன்றையும் சான்றிட்ட நகலாக வாங்குங்கள். கேஸ் டைரி கிடைக்காது. அதைக் கேட்டு மனு போட்டு இரண்டு வாய்தாக்களை இழக்க வேண்டாம்.

‘மறு’ என்று எழுதினால் மனு விழும்

இந்த விஷயத்தில் ஒரு சொல் வழக்கையே கவிழ்க்கும். பேச்சுவழக்கில் எல்லாவற்றையும் ‘மறு விசாரணை’ என்கிறோம். சட்டம் இரண்டாகப் பிரிக்கிறது. மேல் புலன் விசாரணை என்றால் ஏற்கனவே நடந்தது அப்படியே நிற்கும், விட்டுப்போனதும் புதிதாகக் கிடைத்ததும் அதன்மேல் சேரும். மறு புலன் விசாரணை என்றால் பழையதைத் துடைத்துவிட்டு முதலிலிருந்து தொடங்குவது. முதலாவதை நடுவர் உத்தரவிடலாம். இரண்டாவதற்கு உயர் நீதிமன்றமோ உச்ச நீதிமன்றமோதான் உத்தரவிட முடியும், அதுவும் அரிதாக. வினய் தியாகி வழக்குத் தீர்ப்பு 2012-இல் இந்தக் கோட்டைத் தெளிவாகப் போட்டது. நடுவரிடம் ‘மறு புலன் விசாரணைக்கு உத்தரவிட வேண்டுகிறேன்’ என்று எழுதினால் எதிர்த்தரப்பு வழக்கறிஞருக்கு வேறு வாதமே தேவைப்படாது.

மேல் விசாரணை அதிகாரம் எங்கிருந்து வந்தது என்பதும் தெரிந்திருப்பது நல்லது. 1898-ஆம் ஆண்டுக் குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் இதற்கென்று தனிப் பிரிவு இல்லை. சட்ட ஆணையம் தன் 41-ஆம் அறிக்கையில் பரிந்துரைத்த பிறகு, 1973 சட்டத்தில் 173(8) ஆக நுழைந்தது. 1979-இல் ராம்லால் நாரங் வழக்கில், நடுவர் வழக்கைக் கோப்பில் எடுத்த பிறகும் போலீஸின் விசாரணை அதிகாரம் தீர்ந்துவிடுவதில்லை, ஆனால் நீதிமன்றத்துக்குத் தெரிவித்து முறையாக அனுமதி பெறுவதே நல்லது என்று சொன்னார்கள். 2024 ஜூலை 1 முதல் அதற்குப் பதிலாக நடப்பில் உள்ள பி.என்.எஸ்.எஸ். (பாரதிய நாகரிக் சுரக்ஷா சன்ஹிதா) சட்டத்தில் இது 193(9). பழைய சட்டத்தின் கீழ் தொடங்கிய விசாரணைகள் பழைய சட்டப்படியே தொடரும் என்று 531-ஆம் பிரிவு சொல்வதால், அந்தத் தேதிக்கு முந்தைய வழக்குகளில் மனுவின் தலைப்பில் இரண்டு எண்களையும் எழுதிவிடுவது பாதுகாப்பு. பிரிவு எண்ணைக் காரணம் காட்டி மனு திரும்பி வருவதைப்போல் எரிச்சலூட்டும் விஷயம் வேறில்லை.

புது விஷயம் கிடைத்தது என்று இன்னொரு முதல் தகவல் அறிக்கை பதியச் சொல்லி ஸ்டேஷனுக்கோ, புதிய சட்டத்தின் 175(3)-இன் கீழ் நடுவரிடமோ போகிறவர்களும் உண்டு. ஒரே சம்பவத்துக்கு ஒரே தரப்பு இரண்டாவது முதல் தகவல் அறிக்கை பெற முடியாது என்பது 2001-இல் டி.டி. ஆண்டனி வழக்கிலேயே முடிந்த சங்கதி. எதிர்த்தரப்பு தன் பக்கக் கதையைச் சொல்லும் எதிர்வழக்கு வேறு, அதற்குத் தடையில்லை.

வழக்கு எந்தப் படியில் நிற்கிறது

ஒரே கோரிக்கை, வழக்கு நிற்கும் இடத்தைப் பொறுத்து வேறு மனுவாகிறது. முடித்துவைக்கும் அறிக்கையை நடுவர் இன்னும் ஏற்கவில்லை என்றால் எதிர்ப்பு மனு. அப்போது நடுவர் முன் நான்கு வழிகள் இருக்கின்றன: அறிக்கையை ஏற்று முடிக்கலாம், மேல் விசாரணைக்கு அனுப்பலாம், அறிக்கையில் இருக்கும் ஆதாரமே போதும் என்று போலீஸ் முடிவைத் தள்ளிவிட்டு வழக்கைக் கோப்பில் எடுக்கலாம், உங்கள் எதிர்ப்பு மனுவையே தனிப் புகாராக எடுத்துக்கொண்டு பிரமாண வாக்குமூலம் பதியலாம். மூன்றாவது வழி வெறும் ஏட்டில் இருப்பதல்ல. ஆருஷி கொலை வழக்கில் 2010 டிசம்பரில் சி.பி.ஐ. முடித்துவைக்கும் அறிக்கை போட்டது. 2011 பிப்ரவரியில் காஜியாபாத் நீதிமன்றம் அதை ஏற்காமல் பெற்றோருக்கே சம்மன் அனுப்பியது. அந்த வழக்கு 2013-இல் தண்டனையிலும் 2017-இல் விடுதலையிலும் முடிந்தது வேறு கதை.

இந்த நான்கில் எதைக் கேட்பது என்பதில்தான் அனுபவம் பேசும். ஆதாரம் யார் கையில் இருக்கிறது என்று பாருங்கள். கடன் பத்திரம், காசோலை, வாட்ஸ்அப் உரையாடல் எல்லாம் உங்களிடமே இருக்கும் மோசடி வழக்கில் தனிப் புகாராக நடத்துவதே வேகம். கோப்பில் எடுக்கும் முன் எதிரிக்கும் (குற்றம் சாட்டப்பட்டவருக்கும்) பேச வாய்ப்புத் தர வேண்டும் என்று புதிய சட்டத்தின் 223 சொல்வதால் ஒரு கட்டம் கூடுகிறது, பரவாயில்லை. ஆனால் அழைப்பு விவரப் பதிவு, வேறொருவரின் வங்கிக் கணக்கு, தடயவியல் அறிக்கை என்று அடுத்தவர் கையில் இருப்பவைதான் வழக்கின் உயிர் என்றால், தனிப் புகாரில் அவற்றைத் திரட்டுவதற்குள் வருடங்கள் ஓடிவிடும். அங்கே மேல் விசாரணைதான் சரி.

குற்றப்பத்திரிகையே தாக்கலாகி, ஆனால் முக்கிய ஆளை விட்டுவிட்டார்கள் என்பது அடுத்த வகை. குற்றச்சாட்டு வனையப்படும் வரை மேல் விசாரணைக்கு நடுவர் தாமாகவே கூட உத்தரவிடலாம் என்று 2019 அக்டோபரில் வினுபாய் மாலவியா வழக்கில் தீர்ப்பானது. அதற்கு முன் வந்த சில தீர்ப்புகள் வேறு மாதிரி பேசின. அவற்றை எதிர்த்தரப்பு எடுத்து நீட்டினால் இந்தத் தீர்ப்பைக் காட்டுங்கள்.

சாட்சி விசாரணை தொடங்கிவிட்டால் புதிய சட்டத்தின் நிபந்தனை குறுக்கே வரும். விசாரிக்கும் நீதிமன்றத்தின் அனுமதியோடுதான் மேல் விசாரணை, அதையும் 90 நாளில் முடிக்க வேண்டும், நீட்டிக்க மறுபடி அனுமதி வேண்டும். இந்தக் கட்டத்தில் புகார்தாரர் நேரடியாகக் கேட்பதைவிட, அரசு வழக்கறிஞர் மூலமாகப் போலீஸே மனு போடுவது எளிதில் ஏற்கப்படுகிறது. கொடநாடு வழக்கை நினைத்துப் பாருங்கள். 2017 ஏப்ரலில் எஸ்டேட் காவலாளி கொல்லப்பட்டு பங்களாவில் கொள்ளை நடந்தது. குற்றப்பத்திரிகை தாக்கலாகி ஊட்டி நீதிமன்றத்தில் விசாரணை நடந்துகொண்டிருந்தபோது 2021 ஆகஸ்டில் போலீஸ் மேல் விசாரணையில் இறங்கியது. அதை நிறுத்தச் சொல்லி அரசுத் தரப்புச் சாட்சி ஒருவர் உயர் நீதிமன்றம் போனார், நடக்கவில்லை. செப்டம்பரில் உச்ச நீதிமன்றமும் தலையிட மறுத்துவிட்டது. 2022-இல் வழக்கு சி.பி.சி.ஐ.டி. கைக்குப் போனது. காலம் கடந்துவிட்டது என்பது மட்டும் ஒரு தடையாகாது. ஆனால் அரசே ஆர்வம் காட்டும் வழக்குக்குக் கிடைக்கும் வேகம் சாதாரண அடிதடி வழக்குக்குக் கிடைக்கும் என்று எதிர்பார்க்காதீர்கள்.

விடுபட்ட ஆள் பெயர் சாட்சியத்திலேயே வந்துவிட்டது என்றால் மேல் விசாரணையே தேவையில்லை, புதிய சட்டத்தின் 358-இன் கீழ் அவரை எதிரியாகச் சேர்க்கக் கேட்கலாம். ஒரே ஒரு சாட்சியையோ ஆவணத்தையோ கொண்டுவர வேண்டும் என்றால் 348 போதும். தீர்ப்பு விடுதலையாகிவிட்டால் அதே ஆள்மீது அதே குற்றத்துக்கு இந்தக் கதவு மூடிவிட்டது. பாதிக்கப்பட்டவர் மேல்முறையீட்டுக்குத்தான் போக வேண்டும்.

மனுவுக்குள் என்ன இருக்க வேண்டும்

‘இன்ஸ்பெக்டர் எதிரியோடு சேர்ந்துகொண்டார்’ என்று மூன்று பக்கம் எழுதுவார்கள். உண்மையாகவே இருக்கலாம், ஆனாலும் அதை வைத்து நடுவர் ஒன்றும் செய்ய முடியாது. நடுவர் பார்ப்பது இடைவெளியை. நகல் கைக்கு வந்ததும் ஒரு தாளை எடுத்து மூன்று பத்தியாகக் கோடு போடுங்கள். புகாரில் நான் சொன்னது, அதில் போலீஸ் விசாரித்தது, விட்டது. மனுவின் எலும்புக்கூடு மூன்றாவது பத்தியில் இருக்கிறது. விடுபட்ட ஒவ்வொன்றுக்கும் அது என்ன, யாரிடம் இருக்கிறது, எந்த உண்மையை நிரூபிக்கும் என்று இரண்டு வரி எழுதுங்கள். ‘சம்பவ இடத்துக்கு எதிரே உள்ள மருந்துக்கடை கேமரா வாசலைப் பார்த்திருக்கிறது, பதிவு கைப்பற்றப்படவில்லை’ என்ற ஒரு வரிக்கு, ஒரு பக்க ஆவேசத்தைவிட எடை அதிகம்.

எழுதக் கூடாதவையும் உண்டு. இன்னாரைக் கைது செய்ய வேண்டும் என்று கேட்காதீர்கள். இன்னார்மீது குற்றப்பத்திரிகை போடச் சொல்லுங்கள் என்றும் கேட்காதீர்கள்; முடிவு என்னவாக இருக்க வேண்டும் என்று போலீஸுக்கு நடுவர் கட்டளையிட முடியாது என்பது 1967-இலேயே அபிநந்தன் ஜா வழக்கில் சொல்லப்பட்டது. நடுவரிடம் போய் சி.பி.சி.ஐ.டி. கேட்பதும் வீண். தமிழ்நாட்டிலிருந்தே போன சந்திரபாபு வழக்கில் 2015-இல், மேல் விசாரணைக்கு நடுவர் உத்தரவிடலாம், வேறு அமைப்பிடம் ஒப்படைக்க முடியாது என்று உச்ச நீதிமன்றம் பிரித்துச் சொன்னது. அமைப்பை மாற்ற வேண்டும் என்றால் சென்னைக்கோ மதுரைக்கோ, உயர் நீதிமன்றத்துக்குத்தான் போக வேண்டும்.

ஆதாரத்தின் ஆயுளையும் கணக்கில் வையுங்கள். கேமரா பதிவு கருவியின் கொள்ளளவைப் பொறுத்துச் சில நாளிலோ சில வாரத்திலோ தானாக அழிந்துவிடும். நோட்டீஸ் வரும்வரை காத்திருந்தால் அது போயே போயிருக்கும். எனவே கடைக்காரரிடம் முதலிலேயே எழுத்தில் கேட்டு ஒரு நகல் வாங்கிவைப்பதும், மின்னணுப் பதிவை நீதிமன்றம் ஏற்கத் தேவையான, புதிய சாட்சியச் சட்டத்தின் 63(4) சான்றிதழைத் தர அவர் சம்மதிப்பாரா என்று கேட்டுவைப்பதும் உங்கள் வேலை. அழைப்பு விவரப் பதிவுகளைத் தொலைத்தொடர்பு நிறுவனங்கள் குறைந்தது 2 ஆண்டு வைத்திருக்க வேண்டும் என்பது 2021 டிசம்பரிலிருந்து உரிம நிபந்தனை. அந்த 2 ஆண்டு முடியும் தேதியை மனுவிலேயே எழுதிவிட்டால், அவசரத்தைத் தனியாக வாதாட வேண்டியதில்லை.

போலீஸ் தரப்பில் வழுக்கும் இடம்

மேலதிகாரியிடம் மனு போகிறது, அவர் மூலையில் ‘மேல் விசாரணை செய்க’ என்று எழுதுகிறார், இன்ஸ்பெக்டர் இரண்டாவது அறிக்கையைத் தாக்கல் செய்துவிடுகிறார். கேரளத்தில் இப்படி மாவட்டக் காவல் தலைவரின் உத்தரவில் நடந்த விசாரணையை 2023-இல் பீதாம்பரன் வழக்கில் உச்ச நீதிமன்றம் ரத்து செய்தது. அதே ஆண்டு, சென்னை உயர் நீதிமன்றத் தீர்ப்பை எதிர்த்து சி.பி.ஐ. கொண்டுபோன ஹேமேந்திர ரெட்டி வழக்கில், முடித்துவைக்கும் அறிக்கையை நீதிமன்றம் ஏற்றுக்கொண்ட பிறகும் மேல் விசாரணை நடத்தலாம், ஏற்ற உத்தரவை முதலில் திரும்பப் பெற வேண்டியதில்லை, எதிரியைக் கேட்க வேண்டிய கட்டாயமும் இல்லை என்றார்கள். இரண்டையும் சேர்த்துப் படித்தால் நடைமுறை ஒன்றுதான்: அதிகாரம் இருக்கிறது, ஆனால் நீதிமன்ற உத்தரவு கோப்பில் இருக்கட்டும். மேலதிகாரியின் உத்தரவைக் கையில் வைத்துக்கொண்டு மகிழும் புகார்தாரர், உதவி அரசு வழக்கறிஞர் மூலம் அனுமதி மனு தாக்கலாகிவிட்டதா என்று விசாரிப்பது நல்லது. இல்லையென்றால் மொத்த உழைப்பும் உயர் நீதிமன்றத்தில் ஒரு நாளில் கரைந்துவிடும்.

அடுத்த வழுக்கல் துணை அறிக்கையை எழுதும்போது. முதல் அறிக்கை மறைந்துவிட்டதுபோல எழுதுவார்கள். இரண்டையும் சேர்த்துப் படித்தே நீதிமன்றம் முடிவெடுக்க வேண்டும் என்பதால், முதல் அறிக்கையில் ‘சம்பவத்தைப் பார்க்கவில்லை’ என்ற சாட்சி இரண்டாவதில் ‘பார்த்தேன்’ என்று வந்தால், எதிர்த்தரப்பு இரண்டையும் அருகருகே வைத்துக் குறுக்கு விசாரணை செய்யும். பழைய சாட்சிகளிடம் புதிதாக எழுதி வாங்குவதைவிடப் புதிய ஆவணமும் புதிய சாட்சியும்தான் நிற்கும்.

எதிரி தரப்பிலிருந்து பார்த்தால் பிடிப்பு இங்கேதான். மேல் விசாரணைக்கு உத்தரவிடும் முன் என்னைக் கேட்கவில்லை என்ற வாதம் பெரும்பாலும் எடுபடாது. புதிதாக ஒன்றும் இல்லை, அதே ஆதாரத்தை வேறு கண்ணாடி போட்டுப் பார்த்திருக்கிறார்கள் என்பது எடுபடும். ஜாமீனில் இருப்பவர்மேல் கடுமையான பிரிவு புதிதாகச் சேர்ந்தால் போலீஸ் உடனே தூக்கிக்கொண்டு போக முடியாது, நீதிமன்ற உத்தரவு பெற வேண்டும். அதேசமயம் பழைய ஜாமீனை நம்பி அமைதியாக இருக்கவும் கூடாது, புதிய பிரிவுக்குத் தனியாக ஜாமீன் கேட்க வேண்டும். 2019-இல் பிரதீப் ராம் வழக்கில் இது விளக்கப்பட்டது.

உத்தரவு கிடைத்த மறுநாள்

வழக்கு பெரும்பாலும் இங்கேதான் தூங்குகிறது. ‘கோர்ட்டிலிருந்து எங்களுக்கு ஒன்றும் வரலையே’ என்ற பதிலை எல்லா ஊர் ஸ்டேஷனிலும் கேட்கலாம். சான்றிட்ட நகலை வாங்கி, ஒன்றை ஸ்டேஷனில் நேரில் கொடுத்து முத்திரையோடு ஒப்புகை பெறுங்கள். இன்னொன்றைக் காவல் கண்காணிப்பாளர் அலுவலகத்துக்கோ ஆணையர் அலுவலகத்துக்கோ ஒப்புகையுடன் விரைவுத் தபாலில் (ஸ்பீடு போஸ்ட்) அனுப்புங்கள். உங்களிடம் இருக்கும் ஆதாரங்களையும் பட்டியலோடு அன்றே ஒப்படைத்துவிடுங்கள். 90 நாள் கெடு சாட்சி விசாரணை நடக்கும் வழக்குகளுக்குத்தான். அதற்கு முந்தைய கட்டத்தில் சட்டம் கெடு எதையும் வைக்கவில்லை. அதனால் உத்தரவு சொல்லப்படும்போதே, அறிக்கைக்காக ஒரு தேதி குறிக்கும்படி உங்கள் வழக்கறிஞரைக் கேட்கச் சொல்லுங்கள். விசாரணை எந்த அளவில் இருக்கிறது என்பதை 90 நாளுக்குள் புகார்தாரருக்குத் தெரிவிக்க வேண்டும் என்று 193(3) சொல்வதையும் கடிதத்தில் குறிப்பிடலாம். எதுவும் அசையவில்லை என்றால் காலக்கெடு கேட்டு 528-இன் கீழ் உயர் நீதிமன்றம் போகலாம். இந்த ஒப்புகைகள்தான் அங்கே உங்கள் மூலதனம்.

நடுவர் மனுவைத் தள்ளுபடி செய்துவிட்டால் சீராய்வு மனுவுக்கு உத்தரவு தேதியிலிருந்து 90 நாள். சான்றிட்ட நகலுக்காக நீதிமன்றம் எடுத்துக்கொண்ட நாட்கள் இதில் கழியும், நகல் கேட்டு மனுவே போடாமல் நீங்கள் கடத்திய நாட்கள் கழியாது. ஆகவே உத்தரவு எப்படி வந்தாலும் நகல் மனுவை அன்று மாலைக்குள் போட்டுவிடுங்கள்.